பட்டியல் யார் கையில்? கே வயதுவந்தோர் படக் கம்பெனிகள் வளர்ந்த விதம்: ஓர் எளிய விளக்கம்

சொந்தக் காலில் நிற்கிற கம்பெனி எது, இல்லாதது எது என்று ஆம்பூர், ராணிப்பேட்டைப் பக்கத்து ஆட்களுக்கு விளக்குவது சுலபம். ஷூ கம்பெனியில் அப்பர், அதாவது ஷூவின் மேல்பகுதி, தைக்கிறோம். தோல் இங்கே பதனிட்டது, தையல் இங்கே போட்டது, பாலாற்றில் கலந்த கழிவும் நம்முடையதுதான். ஆனால் அட்டைப்பெட்டி மேல் அச்சாகிற பெயர் ஏதோ ஐரோப்பியக் கம்பெனியுடையது. ஒரு ஜோடி அங்கே என்ன விலைக்குப் போகிறது, யார் வாங்குகிறார்கள், அடுத்த சீசனுக்கு ஆர்டர் வருமா, எதுவும் தைக்கிற கைக்குத் தெரியாது. அதே ஊரில் ஒருவர் நாலு மெஷின் போட்டு, தன் பெயரையே அச்சடித்து, வாங்குகிறவரைத் தானே தேடிப் பிடித்து விற்கிறார் என்றால் அவர் கதை வேறு. சின்ன ஆள்தான், ஆனால் சொந்தக் காலில் நிற்கிறார்.

படத் தொழிலில் சுயாதீன ஸ்டூடியோ என்று சொல்வதும் இதைத்தான். படத்தின் மூலப் பிரதி அவரிடம் இருக்க வேண்டும். வாங்குகிறவர்களின் பட்டியல் அவரிடம் இருக்க வேண்டும். காசு வந்து விழுகிற கல்லா அவருடையதாக இருக்க வேண்டும். இதில் ஒன்று கை மாறினாலும் அப்புறம் நடப்பது அடுத்தவருக்குக் கூலிக்குச் செய்து கொடுக்கிற ஜாப் ஒர்க்தான்.

இதைப் புரிந்துகொள்ள நான் எடுத்திருக்கும் உதாரணம் கொஞ்சம் சங்கடமானது. அமெரிக்காவில் தன்பாலீர்ப்பு (கே) ஆண்களுக்காக எடுக்கப்பட்ட வயதுவந்தோர் படங்கள், நம்ம ஊர் பாஷையில் பலான படங்கள். படத்துக்குள் என்ன இருக்கிறது என்ற பேச்சு இங்கே வராது, அதற்காக வந்தவர்கள் இப்போதே கிளம்பலாம். எந்தக் கடைக்காரரும் அடுக்காத, எந்த வங்கியும் விரும்பாத, போலீஸ் எப்போது வேண்டுமானாலும் கதவைத் தட்டக்கூடிய ஒரு சரக்கை வைத்துக்கொண்டு சிலர் எப்படித் தொழில் நடத்தினார்கள் என்பதுதான் விஷயம். சுயாதீனம் என்றால் என்ன என்று இவ்வளவு பட்டவர்த்தனமாகக் காட்டுகிற தொழில் வேறு இல்லை என்பது என் எண்ணம்.

தபால் காலம்

கதை கேமராவில் தொடங்கவில்லை, தபால் பெட்டியில் தொடங்குகிறது. 1945-ல் லாஸ் ஏஞ்சலிஸில் பாப் மைசர் என்ற இளைஞர் 'அத்லெட்டிக் மாடல் கில்ட்' என்ற பெயரில் ஒரு சின்ன ஸ்டூடியோ தொடங்கினார். கட்டுமஸ்தான ஆண்களைப் படமெடுத்துத் தபாலில் விற்பது வேலை. வெளியே சொல்லிக்கொண்டது உடற்பயிற்சி, கலை, கிரேக்கச் சிற்ப அழகு. வாங்கியவர்களில் பெரும்பாலோர் தங்களைப் பற்றி வீட்டில்கூடச் சொல்ல முடியாத ஆண்கள். 1947-ல் ஆபாசப் படங்களைத் தபாலில் அனுப்பியதாகச் சொல்லித் தண்டித்துக் கைதிகள் முகாமுக்கு அனுப்பினார்கள். வெளியே வந்தவர் 1951-ல் 'ஃபிசீக் பிக்டோரியல்' என்று ஒரு பத்திரிகையையே தொடங்கிவிட்டார். அடங்கிப் போகிற ஆள் இல்லை.

ஏன் தபால்? வேறு வழி இல்லை. ஆனால் தபால் அரசாங்கத்துடையது. தபால்காரர் நினைத்தால் சரக்கு போகும், நினைத்தால் நிற்கும். 1960 மார்ச்சில் வர்ஜீனியாவில் அலெக்சாண்ட்ரியா தபால் நிலையத்தில் ஆறு பார்சல்களை நிறுத்தி வைத்தார்கள். உள்ளே இதே மாதிரி ஆண் உடலழகுப் பத்திரிகைகள், 405 பிரதிகள். வெளியிட்டவர் ஹெர்மன் லின் வோமாக், முன்பு தத்துவப் பேராசிரியராக இருந்தவர். மனிதர் உச்ச நீதிமன்றம் வரை போனார். 1962-ல் வந்த தீர்ப்பு அவருக்குச் சாதகம்: இந்தப் படங்கள் சட்டம் சொல்கிற அளவுக்கு ஆபாசமானவை அல்ல, தபால் துறை இவற்றைத் தடுக்க முடியாது. அந்த 405 பிரதிகள் திறந்துவிட்ட வழியில்தான் பின்னால் வந்த கம்பெனிகள் எல்லாம் நடந்தன.

வாங்குகிறவர் பட்டியல் எவ்வளவு ஆபத்தான பொருள் என்பதற்கும், பார்சல்களை நிறுத்திய அதே 1960-ல் ஓர் உதாரணம் உண்டு. ஸ்மித் கல்லூரியில் நியூட்டன் ஆர்வின் என்ற இலக்கியப் பேராசிரியர் இருந்தார், அமெரிக்காவின் பெரிய இலக்கிய விருதைப் பெற்றவர். 1960 செப்டம்பரில் போலீஸ் அவர் வீட்டுக்குள் நுழைந்து இப்படிப்பட்ட பத்திரிகைகளைக் கைப்பற்றியது. கைது, செய்தித்தாளில் பெயர், அதோடு கல்லூரி வேலை முடிந்தது. படம் எடுத்தவரும் இல்லை, விற்றவரும் இல்லை, வாங்கி வைத்திருந்தவர் மட்டுமே. இப்படியொரு காலத்தில் ஒருவர் தன் பெயரையும் முகவரியையும் ஒரு கம்பெனிக்கு எழுதி அனுப்புகிறார் என்றால், அந்தக் கம்பெனியை எவ்வளவு நம்பியிருக்க வேண்டும்!

அந்த நம்பிக்கையைப் பணமாக்கியவர் என்று ஒருவரைச் சொல்ல வேண்டுமானால் சான் பிரான்சிஸ்கோவின் சக் ஹோம்ஸைத்தான் சொல்வேன். 1970-களின் தொடக்கத்தில் அவர் ஆரம்பித்த 'ஃபால்கன்' முதலில் விற்றது 8 மி.மீ. சுருள்கள். வீட்டில் சின்ன புரொஜெக்டர் வைத்துச் சுவரில் ஓட்டிப் பார்க்கிற, சில நிமிஷமே ஓடுகிற துண்டுப் படங்கள். தொழில் நடந்த விதம் ரொம்ப எளிமை. விளம்பரத் தாள் ஒன்று தபாலில் போகும். பிடித்தவர் காசோலையோ மணியார்டரோ அனுப்புவார். வெளியே எதுவும் தெரியாத கவரில் சுருள் போய்ச் சேரும். கம்பெனியில் அவர் பெயர் ஏறும். அடுத்த சுருள் தயாரானதும் முதல் தாள் அவருக்குப் போகும்.

இதில் கேமராக்காரர் போனால் வேறு ஆள் கிடைப்பார். நடிகர்கள் வருவார்கள், போவார்கள். ஆனால் காசு கொடுத்து ஒருமுறை வாங்கி, ஏமாறாமல், மாட்டிக்கொள்ளாமல் திரும்ப வாங்குகிற ஆட்களின் பட்டியலை இன்னொருவர் ஒரே நாளில் உண்டாக்க முடியாது. கம்பெனியின் சொத்து அதுதான்.

தியேட்டர் வழியும் ஒன்று இருந்தது, அது அவ்வளவு தூரம் போகவில்லை. வேக்ஃபீல்ட் பூல் என்ற நடன இயக்குநர் சுமார் 8,000 டாலரில் எடுத்த 'பாய்ஸ் இன் தி சாண்ட்' 1971 டிசம்பரில் நியூயார்க்கில் திரைக்கு வந்தது. தன் சொந்தப் பெயரையே இயக்குநராகப் போட்டுக்கொண்டார், நியூயார்க் டைம்ஸில் விளம்பரம் வந்தது, சினிமா வர்த்தக இதழான 'வெரைட்டி' விமர்சனம் எழுதியது. அந்தக் காலத்துக்கு இது பெரிய துணிச்சல். ஆனால் தியேட்டர் என்றால் வாசலில் நாலு பேர் பார்க்க டிக்கெட் வாங்க வேண்டும். நம்ம ஊர்க் காலைக்காட்சிக்குத் துண்டைத் தலையில் போட்டுக்கொண்டு போனவர்களுக்கு இந்தப் பிரச்சினையை விளக்க வேண்டியதில்லை.

கேசட் வந்தது

வி.எச்.எஸ். கேசட் 1977-ல் அமெரிக்கச் சந்தைக்கு வந்ததும் எல்லாம் மாறியது. புரொஜெக்டர் வேண்டாம், திரை வேண்டாம், சுருள் மாட்டத் தெரிய வேண்டாம். வேலூர்ப் பக்கத்தில் எண்பதுகளில் இதன் நம்மூர் வடிவத்தைப் பார்த்தவர்கள் இன்னும் இருக்கிறார்கள். கலர் டிவியும் டெக்கும் வாடகைக்கு எடுத்து, மூன்று நாலு கேசட்டோடு தெருவே விடிய விடிய உட்கார்ந்து படம் பார்த்த காலம். கூட்டமெல்லாம் கலைந்தபின் ஓடுவதற்கென்று ஒரு கேசட் தனியாகப் பையில் வரும், அது எந்தக் கடையில் கிடைக்கும் என்பது எல்லோருக்கும் தெரியும், யாரும் சொல்ல மாட்டார்கள். அந்தக் கேசட்டை எடுத்தவர் யார், நடித்தவர்களுக்குக் காசு போனதா என்றால் ஒன்றும் கிடையாது. நகலின் நகலின் நகல். மூலப் பிரதி யாரிடம் இருக்கிறது என்ற கேள்விக்கே அங்கே இடமில்லை.

அமெரிக்க ஸ்டூடியோக்களுக்கோ அந்தக் கேள்விதான் சோறு போட்டது. ஃபால்கன் தன் பழைய சுருள்கள் சிலவற்றைச் சேர்த்து வீடியோ தொகுப்பாக்கி, வரிசை எண் போட்டு, மறுபடியும் விற்றது. ஒருமுறை எடுத்த படம் இரண்டாம் முறை சம்பாதித்தது. 1978-ல் வில்லியம் ஹிக்கின்ஸ் தொடங்கிய 'கேட்டலினா'வும் வீடியோ அலையில்தான் எழுந்தது. நெகட்டிவை விற்றுவிட்டுப் போன தயாரிப்பாளர்கள், சேட்டிலைட் உரிமை, ஓடிடி உரிமை என்று பின்னால் வந்த பணத்தையெல்லாம் வேடிக்கை பார்த்த கதை கோடம்பாக்கத்திலும் உண்டு.

சட்டமும் எழுபது, எண்பதுகளில்தான் ஓரளவு தெளிவானது. 1973-ல் மில்லர் வழக்கில் அமெரிக்க உச்ச நீதிமன்றம் ஆபாசத்தை அந்தந்த வட்டாரத்து மக்களின் அளவுகோலால் அளக்கலாம் என்றது. தபாலில் விற்பவருக்கு இது தலைவலி. சான் பிரான்சிஸ்கோவில் யாரும் கண்டுகொள்ளாத கேசட், கட்டுப்பெட்டியான ஒரு சின்ன ஊருக்குப் போய்ச் சேர்ந்தால் அந்த ஊரில் வழக்கு. 1988-ல் கலிபோர்னியா உச்ச நீதிமன்றம் ஃப்ரீமன் வழக்கில், ஆபாசம் என்று சட்டம் ஒதுக்காத படத்தில் நடிக்கக் கூலி கொடுப்பது விபச்சாரத்துக்கு ஆள் பிடிப்பது ஆகாது என்று தீர்ப்பளித்தது. அதனால் இந்தத் தொழில் கலிபோர்னியாவில் இன்னும் ஆழமாக வேரூன்றியது. அதே 1988-ல் வந்த கூட்டாட்சிச் சட்டம் நடிக்கும் ஒவ்வொருவரின் வயதுச் சான்றையும் ஸ்டூடியோ வைத்திருக்க வேண்டும் என்றது. பேப்பர் வேலை கூடியது, ஆனால் அந்தப் பேப்பர்தான் தொழிலைத் திருட்டுத்தனத்திலிருந்து வெளியே கொண்டுவந்தது.

எய்ட்ஸ், வேலூர் வழியாக

1981 ஜூன் 5 அன்று அமெரிக்க நோய்த் தடுப்பு மையம் லாஸ் ஏஞ்சலிஸில் ஐந்து இளைஞர்களுக்கு வந்த அபூர்வ நிமோனியா பற்றிக் குறிப்பு வெளியிட்டது. எய்ட்ஸின் முதல் பதிவு அது. அடுத்த பத்து வருஷத்தில் கே படத் தொழிலில் நடிகர், இயக்குநர், வாங்குகிறவர் என்று ஒரு தலைமுறையே கரைந்தது.

நம் நாட்டில் இது வந்திருக்கிறதா என்ற கேள்விக்குப் பதில் கிடைத்தது வேலூரில்தான். 1986-ல் மெட்ராஸ் மருத்துவக் கல்லூரியில் டாக்டர் சுனிதி சாலமனின் வழிகாட்டலில் ஆய்வு செய்துகொண்டிருந்த நிர்மலா, பாலியல் தொழிலாளிகளிடமிருந்து எடுத்த ரத்த மாதிரிகளைத் தன் வீட்டு ஃப்ரிட்ஜில் பாதுகாத்து வைத்தார். மெட்ராஸில் சோதிக்க வசதியில்லை. ராத்திரி ரயிலேறிக் காட்பாடியில் இறங்கி, வேலூர் கிறித்தவ மருத்துவக் கல்லூரிக்கு (சி.எம்.சி.) கொண்டுபோனார். டாக்டர் ஜேக்கப் ஜான் தலைமையில் இருந்த வைரஸ் ஆய்வகத்தில் சோதனை நடந்தது. கிருமி இருந்தால் கலவை மஞ்சளாக மாறும். ஆறு மாதிரிகள் மாறின. இந்தியாவில் எச்.ஐ.வி. இருக்கிறது என்பது அப்படித்தான் தெரியவந்தது. 'அதெல்லாம் வெளிநாட்டுக்காரன் நோய்' என்று பேசிக்கொண்டிருந்த நாட்டுக்கு அது பெரிய அடி.

அமெரிக்காவில் கே ஸ்டூடியோக்கள் எண்பதுகளின் கடைசியில் ஒவ்வொன்றாக ஆணுறைக்கு மாறின. ஆண்-பெண் படம் எடுத்த கம்பெனிகள் பெரும்பாலும் ஆணுறையை ஒதுக்கிவிட்டு ரத்தப் பரிசோதனையை நம்பின. கே ஸ்டூடியோக்களின் கணக்கு வேறு: யாருக்கு வேண்டுமானாலும் கிருமி இருக்கலாம் என்று வைத்துக்கொண்டு எல்லோரையும் காப்பாற்று, கிருமி இருப்பவரின் பிழைப்பையும் கெடுக்காதே. தங்கள் சொந்தக்காரர்களைப் புதைத்துவிட்டு வந்தவர்கள் எடுத்த முடிவு என்பதால் இதில் எனக்கு ஒரு மரியாதை உண்டு. 1998-ல் பால் மோரிஸ் தொடங்கிய 'ட்ரெஷர் ஐலண்ட் மீடியா' இந்த வழக்கத்தை வேண்டுமென்றே உடைத்தது, அதனால் பெரிய சர்ச்சைக்கும் ஆளானது. 2012-ல் தொற்றைத் தடுக்கும் மாத்திரைக்கு அங்கே அனுமதி கிடைத்த பிறகு மற்ற ஸ்டூடியோக்களும் மெல்ல மெல்ல ஆணுறையை விட்டன. அதே வருஷம் லாஸ் ஏஞ்சலிஸ் மாவட்ட வாக்காளர்கள் படப்பிடிப்பில் ஆணுறை கட்டாயம் என்று வாக்களித்தார்கள் என்பதுதான் வேடிக்கை. 2016-ல் அதை மாநிலம் முழுக்கக் கொண்டுவரப் பார்த்தபோது கலிபோர்னியா வாக்காளர்கள் நிராகரித்துவிட்டார்கள்.

தொண்ணூறுகள் இந்தக் கம்பெனிகளுக்கு நல்ல காலம். கம்யூனிச ஆட்சி விழுந்தபின் 1993-ல் பிராட்டிஸ்லாவாவில் 'பெல் ஆமி', 1995-ல் சான் பிரான்சிஸ்கோவில் 'டைட்டன்', 1998-ல் நியூயார்க்கில் 'லூகாஸ் என்டர்டெயின்மென்ட்' என்று வரிசையாக முளைத்தன. சக் ஹோம்ஸ் 2000-ல் எய்ட்ஸ் தொடர்பான உடல்நலக் குறைவால் இறந்தார். கே உரிமை அமைப்புகளுக்கு அவர் அள்ளிக் கொடுத்தவர். 2002-ல் சான் பிரான்சிஸ்கோவில் திறக்கப்பட்ட எல்.ஜி.பி.டி. மையத்தின் கட்டடத்துக்கு அவர் பெயர் வைத்தபோது, பலான படம் எடுத்தவர் பெயரா என்று முணுமுணுப்பு எழுந்தது. பணத்தை வாங்கியபோது இந்த முணுமுணுப்பு அவ்வளவாகக் கேட்கவில்லை.

வழி கை மாறியது

சரி, இவ்வளவு வளர்ந்த தொழில் ஏன் சட்டென்று ஆட்டம் கண்டது? இணையம் என்று ஒரே வார்த்தையில் சொல்லிவிடலாம், ஆனால் அதில் ஒரு வழக்கு ரொம்ப முக்கியம். 2006-ல் டைட்டனின் தாய்க் கம்பெனியான 'ஐ.ஓ. குரூப்', 'வியோ' என்ற வீடியோ தளத்தின் மேல் வழக்குப் போட்டது. தங்கள் படத் துண்டுகளை யார் யாரோ அந்தத் தளத்தில் ஏற்றியிருக்கிறார்கள், தளம்தான் பொறுப்பு என்பது வாதம். 2008 ஆகஸ்டில் கலிபோர்னியாவின் கூட்டாட்சி நீதிமன்றம் தளத்தின் பக்கம் தீர்ப்பளித்தது. ஏற்றியவர் பயனாளர், புகார் வந்தால் தளம் நீக்குகிறது, அதற்கு மேல் தளத்தின் மேல் குற்றம் இல்லை. அதாவது திருட்டுப் பிரதியைத் தேடிப் பிடித்துப் புகார் கொடுப்பது இனிமேல் படம் எடுத்தவர் வேலை. ஒன்றை எடுத்தால் பத்து முளைக்கும்.

மூலப் பிரதி கையில் இருந்தும் பயனில்லாமல் போனது அப்போதுதான். இலவசமாகப் பார்க்கிறவர் எந்தக் கம்பெனியின் பட்டியலிலும் இல்லை, தளத்தின் பட்டியலில் இருக்கிறார். 2010-ல் ஃபால்கன், 'ரேஜிங் ஸ்டாலியன்' என்ற போட்டிக் கம்பெனியோடு இணைந்தது. பல ஸ்டூடியோக்கள் இலவசத் தளங்களை நடத்திய பெருங்கம்பெனிகளுக்கே கைமாறின.

அப்புறம் வந்தது தனிநபர் காலம். 2016-ல் லண்டனில் தொடங்கிய 'ஒன்லிஃபேன்ஸ்' போன்ற தளங்களில் நடிகரே ஸ்டூடியோ. தானே எடுக்கிறார், தானே விற்கிறார், வருமானத்தில் 20 சதவீதத்தைத் தளம் எடுத்துக்கொள்கிறது. பார்க்க இதைவிடச் சுதந்திரம் கிடையாது என்று தோன்றும். 2021 ஆகஸ்டில் அந்தத் தளம் திடீரென்று வெளிப்படையான பாலியல் காட்சிகளுக்குத் தடை என்று அறிவித்தது, வங்கிகளின் நெருக்கடிதான் காரணம் என்றது. ஒரு வாரத்துக்குள் பின்வாங்கியது. ஆனால் அந்தச் சில நாட்களில் ஆயிரக்கணக்கானவர்களுக்கு ஒரு விஷயம் உறைத்திருக்கும்: ரசிகர்களின் மின்னஞ்சல் முகவரிகூட அவர்களிடம் இல்லை. அதே வருஷம் அக்டோபரிலிருந்து மாஸ்டர்கார்டு, இப்படிப்பட்ட தளங்களில் படம் வெளியாகுமுன் அதில் இருப்பவர் ஒவ்வொருவரின் வயதும் அடையாளமும் சம்மதமும் சரிபார்க்கப்பட வேண்டும் என்று விதி போட்டது. விதியில் தப்பில்லை, தேவையானதுதான். ஆனால் 1960-ல் தபால் நிலையத்துக்கு இருந்த அதிகாரம் இப்போது கார்டு கம்பெனிக்கு வந்துவிட்டது என்பதையும் சேர்த்துப் பார்க்க வேண்டும்.

நம்ம ஊரில் ஏன் இல்லை

2018 செப்டம்பர் 6 அன்று உச்ச நீதிமன்றம், மனமொத்த வயதுவந்தோரின் தன்பால் உறவு இந்திய தண்டனைச் சட்டம் 377-ஆவது பிரிவின்கீழ் குற்றமாகாது என்று சொல்லிவிட்டது. அதனால் இப்போது படமும் எடுக்கலாமா என்று கேட்கிறவர்கள் உண்டு. முடியாது. உறவு வேறு, படம் வேறு. ஆண்-பெண் படமானாலும் கே படமானாலும், வெளிப்படையான பாலியல் காட்சியை இணையத்தில் வெளியிடுவது தகவல் தொழில்நுட்பச் சட்டம் 67-ஏ பிரிவின்படி குற்றம். முதல் முறை 5 வருஷம் வரை சிறை, 10 லட்சம் வரை அபராதம். அடுத்த முறை 7 வருஷம் வரை. விற்பனை, விநியோகத்துக்குப் பழைய இந்திய தண்டனைச் சட்டம் 292-ஆவது பிரிவு இருந்தது, 2024 ஜூலை முதல் அது பாரதிய நியாய சன்ஹிதாவின் 294. குழந்தைகள் சம்பந்தப்பட்ட படம் என்றால் வைத்திருப்பதே குற்றம். இதில் சென்னை உயர் நீதிமன்றம் மாறாகச் சொன்னதை 2024 செப்டம்பரில் உச்ச நீதிமன்றம் ரத்து செய்தது.

இதன் இன்னொரு பக்கத்தை யாரும் பேசுவதில்லை. 1872-ஆம் வருஷத்து ஒப்பந்தச் சட்டத்தின் 23-ஆவது பிரிவு, சட்டவிரோத நோக்கம் கொண்ட ஒப்பந்தம் செல்லாது என்கிறது. கலிபோர்னியாவில் கூலி வராத நடிகர் கோர்ட்டுக்குப் போகலாம். இங்கே ஏமாந்தவர் போய் நிற்க ஓர் இடம் கிடையாது. அதனால் இங்கே மறைவாக நடக்கிறவற்றில் நடிப்பவர் கையில் மூலப் பிரதியும் இல்லை, பட்டியலும் இல்லை, கூலிக்கு உத்தரவாதமும் இல்லை. அவர் முகம் மட்டும்தான் அதில் இருக்கிறது.

கல்லூரிப் பையன்கள் நிறைய இருக்கிற வேலூர், காட்பாடி மாதிரியான ஊரில் டேட்டிங் ஆப்பில் 'வெளிநாட்டு ஸ்டூடியோ, ஆடிஷன், நல்ல சம்பளம், முதலில் சில போட்டோ அனுப்பு' என்று செய்தி வந்தால் அதற்குப் பின்னால் ஸ்டூடியோ இருக்க வாய்ப்பே இல்லை என்றே எடுத்துக்கொள்ளலாம். முறையான கம்பெனி முதலில் கேட்பது வயதுச் சான்றும் கையெழுத்தும், உடம்புப் படம் அல்ல. படத்தை அனுப்பிவிட்டீர்கள், இப்போது பணம் கேட்டு மிரட்டுகிறார்கள் என்றால், பணம் கொடுக்க வேண்டாம், பேசிய செய்திகளை அழிக்கவும் வேண்டாம். ஸ்கிரீன்ஷாட் எடுத்துக்கொண்டு 1930 என்ற சைபர் குற்ற உதவி எண்ணுக்கு அழைக்கலாம். அந்தரங்கப் படத்தைச் சம்மதமில்லாமல் பரப்புவது தகவல் தொழில்நுட்பச் சட்டம் 66-இ பிரிவில் 3 வருஷம் வரை சிறைக்குரியது, மிரட்டிப் பணம் பறிப்பதற்குத் தனி வழக்கு. 'நீ கே என்று போலீஸில் சொல்லிவிடுவேன்' என்பது இவர்கள் வழக்கமாகப் போடுகிற அஸ்திரம். 2018-க்குப் பிறகு அதில் போலீஸ் பதிவு செய்ய ஒரு குற்றமும் இல்லை.